பழைய இரும்பு என்று எடைபோடும் முன்: துறைமுகப் பொறியாளர்களுக்கும் கடல்சார் அருங்காட்சியகப் பொறுப்பாளர்களுக்கும் ஒரு திறந்த மடல்

வணக்கம்.

ஒரு பழைய துறைமேடையைப் புதுப்பிக்கும்போது முதலில் கழற்றப்படுவது எது என்று உங்களுக்குத் தெரியும். கல்லில் பதித்த வளையங்கள், கப்பல் கயிற்றை மாட்டும் குட்டைத் தூண்களான போலார்டுகள், சுவரோரம் தொங்கும் சங்கிலித் துண்டுகள், பெயர் தெரியாத கொக்கிகள். எல்லாவற்றையும் ஒரே குவியலாகக் கொட்டி, பட்டியலில் கழிவு இரும்பு என்று ஒற்றை வரி எழுதி, பக்கத்தில் எடையைப் போட்டு ஏலத்துக்கு அனுப்பிவிடுகிறீர்கள். அருங்காட்சியகத்துக்குத் தப்பி வருவது கொஞ்சம்தான். அதுவும் கறுப்புப் பெயின்ட் பூசிக்கொண்டு வாசலில் அழகுக்கு நிற்கிறது. எந்தக் கப்பல், எந்த மாலுமி, எந்தப் புயல் என்றெல்லாம் பலகையில் விரிவாக எழுதுகிறீர்கள். அந்தக் கப்பலைப் பிடித்து நிறுத்தியதை யார், எப்படிச் செய்தார்கள் என்று எழுதியிருப்பதை அரிதாகத்தான் பார்க்கிறேன்.

உங்கள் இரு தரப்பிடமும் நான் கேட்பது ஒன்றுதான். படகையோ கப்பலையோ கட்டிவைக்கக் கையால் செய்த கருவி எதுவானாலும், அதை வெட்டுவதற்கும் விற்பதற்கும், மணலை வேகமாகப் பீச்சித் துருவை நீக்கிப் (மணலடித்து) பெயின்ட் பூசுவதற்கும் முன்னால், அது செய்யப்பட்ட விதத்தைப் பார்த்து எழுதி வையுங்கள். பழமை மீதுள்ள ஏக்கத்தில் கேட்கவில்லை. உலையில் இரும்பைக் காயவைத்து அடித்துப் பழகியவன் என்ற முறையில் கேட்கிறேன். ஒரு பொருள் எப்படிச் செய்யப்பட்டது என்று தெரிந்தால், அது எங்கே உடையும் என்றும் தெரியும். இது அருங்காட்சியகத்தைவிடத் துறைமுகத்துக்கே அதிகம் தேவைப்படுகிற சங்கதி.

படகைக் கட்டிவைக்கும் பொருளுக்கு வயது அதிகம், பெருமை குறைவு. இன்றைய லிபியாவில் இருக்கும் லெப்டிஸ் மாக்னாவின் ரோமானியத் துறைமுகத்தில், மேடைச் சுவரிலிருந்து கற்கள் வெளியே நீட்டிக்கொண்டிருக்கின்றன. கயிறு நுழைய ஒவ்வொன்றிலும் ஒரு துளை. இத்தாலியில் அக்விலேயாவின் ஆற்றுத்துறையிலும் இப்படித் துளையிட்ட கற்கள் உண்டு. அங்கே மேடையையே மேல்தட்டு, கீழ்தட்டு என்று இரண்டாகக் கட்டியிருக்கிறார்கள். கல்லில் துளை போடுவது பெரிய வித்தை இல்லை. விளிம்பு கூர்மையாக நின்றால் கயிறு தேயும் என்று தெரிந்து அதை உருட்டி விடுவதுதான் வேலை. நேராக இழுத்து அறுவதைவிட உரசி அறும் கயிறுதான் அதிகம். இன்றைக்கும் ஒரு கிளீட்டையோ (கயிற்றைச் சுற்றிக் கட்டும் இரட்டைக் கொம்புக் கட்டை) கயிற்று வழிகாட்டியையோ கையில் எடுத்தால் நான் முதலில் தடவிப் பார்ப்பது விளிம்பைத்தான். நல்ல கைவேலையில் கயிறு தொடும் இடமெல்லாம் அரத்தால் ராவி வழவழப்பாக்கி இருக்கும். அவசரத்தில் வார்த்த மலிவுச் சரக்கில் அச்சின் இரண்டு பாதியும் சேரும் கோடு அப்படியே பிசிறாக நிற்கும். புதுக் கயிறும் அதில் வெகுநாள் தாங்காது.

நங்கூரத்தைப் பற்றி நான் அதிகம் சொல்லப்போவதில்லை. அதற்கு ஏற்கெனவே வேண்டிய மட்டும் மரியாதை கிடைக்கிறது. துருக்கிக் கரைக்கு அப்பால் உலுபுருனில் மூழ்கிய, கிறிஸ்துவுக்கு முன் 14ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த கப்பலில் 24 கல் நங்கூரங்கள் கிடைத்தன. அவற்றைப் பற்றி ஆய்வுகள் இருக்கின்றன, படங்கள் இருக்கின்றன. நங்கூரத்துக்கும் கப்பலுக்கும் நடுவில் இருப்பதுதான் யார் கண்ணிலும் படாமல் போகிறது.

அந்த நடுவில் வெகுகாலம் இருந்தது சணல் நார் வடம். 18ஆம் நூற்றாண்டின் பெரிய போர்க்கப்பல்களில் நங்கூர வடத்தின் சுற்றளவு அரை மீட்டரைத் தாண்டும். நனைந்தால் கனக்கும், உலராமல் சுருட்டி வைத்தால் மக்கும், பாறையில் உரசினால் அறும். இரும்புச் சங்கிலி அந்த இடத்தைப் பிடித்தது 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில்தான். சாமுவேல் பிரவுன் என்ற பிரிட்டிஷ் கடற்படை அதிகாரி 1808இல் பெனலோப் என்ற கப்பலுக்கு இரும்புச் சங்கிலி பூட்டி மேற்கிந்தியத் தீவுகள் வரை அனுப்பிச் சோதித்தார். பிற்பாடு வேல்ஸில் பான்ட்டிபிரித் அருகே அவர் கூட்டாளியோடு நடத்திய தொழிற்சாலை உலகறிந்த சங்கிலிப் பட்டறையானது. 1813இல் தாமஸ் பிரண்டன் என்பவர் சங்கிலிக் கண்ணியின், அதாவது ஒற்றை வளையத்தின், நடுவே ஒரு குறுக்குக்கட்டை வைத்துக் காப்புரிமை வாங்கினார். அந்தக் கட்டை, இழுவையில் கண்ணி ஒடுங்கிப்போகாமல் தடுக்கிறது. சங்கிலி முறுக்கிச் சிக்கிக்கொள்ளாமலும் காக்கிறது. பெரிய கப்பல்களின் நங்கூரச் சங்கிலியில் இன்றும் அந்தக் கட்டையைப் பார்க்கலாம்.

இங்கே ஒரு விஷயத்தைக் கவனியுங்கள். அதே காலத்தில்தான் இங்கிலாந்தின் போர்ட்ஸ்மத் கடற்படைத் தளத்தில் மார்க் பிரூனெல், ஹென்றி மாட்ஸ்லி என்ற பொறியாளர்கள் கப்பல் கப்பிகள் செய்ய இயந்திர வரிசையை அமைத்தார்கள். 110 கைவினைஞர்கள் செய்த வேலையைப் பயிற்சியில்லாத பத்துப் பேர் செய்யலாம் என்றானது. கப்பி இப்படி இயந்திரத்துக்குப் போன பிறகும், சங்கிலி இன்னும் நூறு ஆண்டுக்குமேல் கையிலேயே இருந்தது. காரணம் எளிது. ஒவ்வொரு கண்ணியும் முந்தின கண்ணிக்குள் நுழைந்த பிறகுதான் மூடப்பட வேண்டும். அந்த மூட்டை அடித்து ஒட்டும் நேரம் எது என்பதைத் தீயின் நிறத்தை வைத்துக் கண்தான் முடிவுசெய்ய வேண்டும்.

செய்முறையைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன், ஏனென்றால் உங்கள் பதிவேடுகளில் இதுதான் இல்லை. தேனிரும்புக் (அடித்து வளைக்க ஏற்ற, கார்பன் மிகக் குறைந்த இரும்பு) கம்பியைச் சிவக்கக் காயவைத்து, அளவாகச் சாய்வாக வெட்டி, ஆங்கில U வடிவத்தில் வளைப்பார்கள். இரண்டு முனையையும் சரிவாகத் தட்டி மெலிதாக்குவார்கள். முந்தின கண்ணியில் கோத்து, முனைகளை ஒன்றன்மேல் ஒன்று படியவைத்து மறுபடி உலையில் விடுவார்கள். ஏறக்குறைய 1300 டிகிரி செல்சியஸில் இரும்பு வெள்ளையாக ஒளிர்ந்து, மேற்பரப்பு ஈரம்பட்டதுபோல் மினுங்கத் தொடங்கும். அதற்குக் கொஞ்சம் முன்னால் எடுத்தால் ஒட்டாது. கொஞ்சம் தாமதித்தால் பொறி பறந்து இரும்பே எரிந்துபோகும். எடுத்ததும் அடைகல்லில் வைத்துச் சில விநாடிக்குள் அடித்து முடிக்க வேண்டும். சிறு கண்ணி என்றால் ஒருவரே கைச்சுத்தியாலும் காலால் மிதிக்கும் சம்மட்டியாலும் முடித்துவிடுவார். பெரிய கப்பல் சங்கிலிக்கு ஒருவர் குறட்டில் பிடித்துத் திருப்ப, சம்மட்டிக்காரர்கள் முறைவைத்து அடிப்பார்கள். அப்புறம் அடுத்த கண்ணி. கடைசி வரை இதேதான். சங்கிலியில் ஓர் ஒட்டு சரியில்லை என்றால், மற்ற ஒட்டுகள் எவ்வளவு நன்றாக இருந்தும் பயனில்லை.

அதனால்தான் சோதனை வந்தது. பிரவுன் தம் பட்டறையிலேயே சங்கிலியை இழுத்துப் பார்க்கும் இயந்திரம் வைத்திருந்தார். 1864இல் பிரிட்டிஷ் நாடாளுமன்றம் கப்பல் சங்கிலிகளுக்கும் நங்கூரங்களுக்கும் தனிச் சட்டம் இயற்றியது. சோதித்து முத்திரை குத்தியதைத்தான் விற்க வேண்டும் என்று கொண்டுவந்த சட்டம் அது. பழைய சங்கிலிகளில் நீங்கள் காணும் சின்னச் சின்னக் குத்துகளும் எழுத்துகளும் எண்களும் பல இடங்களில் இந்த முத்திரைகள்தான். மணலடித்தால் முதலில் காணாமல் போவதும் இவைதான். எந்தச் சோதனைக்கூடம், எந்த ஆண்டு, எவ்வளவு சுமை என்று சொல்லக்கூடிய ஒரே ஆவணத்தை, சுத்தம் செய்கிறோம் என்ற பெயரில் நாமே அழித்துவிடுகிறோம்.

செய்தவர்கள் யார் என்றும் சொல்லியாக வேண்டும். இங்கிலாந்தின் கிராட்லி ஹீத் பகுதியில் சிறு சங்கிலிகளைப் பெரும்பாலும் பெண்கள்தான் அடித்தார்கள். வீட்டுக்குப் பின்னாலிருந்த சிறு உலைக்கூடங்களில், பக்கத்திலேயே பிள்ளையை வைத்துக்கொண்டு, அடித்த எடைக்குத் தக்க கூலிக்கு. 1910இல் அவர்களுக்கு மணிக்கு இரண்டரைப் பென்ஸ் குறைந்தபட்சக் கூலி நிர்ணயிக்கப்பட்டது. முதலாளிகள் பலர் அதைத் தர மறுத்தார்கள். தொழிற்சங்கத் தலைவர் மேரி மெக்காத்தர் தலைமையில் பெண்கள் சுமார் பத்து வாரம் வேலைநிறுத்தம் செய்து அந்தக் கூலியைப் பெற்றார்கள். போராட்ட நிதியில் மிஞ்சியதை வைத்து 1912இல் தொழிலாளர் மன்றக் கட்டடம் ஒன்றும் எழுப்பினார்கள். அந்தக் கட்டடம் பிற்காலத்தில் செங்கல் செங்கல்லாகப் பிரிக்கப்பட்டு, டட்லியில் உள்ள பிளாக் கன்ட்ரி வாழும் அருங்காட்சியகத்தில் மறுபடி கட்டப்பட்டிருக்கிறது. அங்கே சங்கிலி அடித்தும் காட்டுகிறார்கள். அருங்காட்சியகப் பொறுப்பாளர்களே, நான் சொல்வது நடக்கக்கூடியதுதானா என்று சந்தேகம் வந்தால் அங்கே போய்ப் பாருங்கள்.

அதே வட்டாரத்தில், நெதர்ட்டனில் நோவா ஹிங்லியின் தொழிற்சாலையிலிருந்து 1911இல் டைட்டானிக்கின் நடு நங்கூரம் புறப்பட்டது. 15 டன்னுக்குமேல் எடை. வண்டியை இழுக்க இருபது குதிரைகள் பூட்டினார்கள். அந்தப் புகைப்படம் இன்றும் சுற்றிக்கொண்டிருக்கிறது. நங்கூரத்துக்கு ஊர்வலம், சங்கிலிக்காரருக்கு எடைக்கூலி. அப்போதே அப்படித்தான் இருந்திருக்கிறது, சரி. இப்போதும் நம் காட்சிக்கூடங்களில் அப்படியே இருப்பதைத்தான் என்னால் ஏற்றுக்கொள்ள முடியவில்லை.

இனிப் பொறியாளர்களிடம் கொஞ்சம் தனியாகப் பேச வேண்டும்.

பழைய துறைகளில் நீங்கள் பார்க்கும் இரும்பு ஒரே இரும்பல்ல. தேனிரும்பு இருக்கிறது, வார்ப்பிரும்பு இருக்கிறது, பிற்பாடு வந்த மென் எஃகும் இருக்கிறது. மூன்றையும் ஒரே பெயின்ட் மூடி மறைக்கிறது. தேனிரும்பில் கசடு மெல்லிய இழைகளாக ஓடிக்கிடக்கும். அரித்துப்போன பரப்பைப் பார்த்தால் பிளந்த விறகுபோல நார்நாராகத் தெரியும். நார் ஓடும் திசையில் அது நன்றாக இழுவை தாங்கும். குறுக்கே இழுத்தால் அவ்வளவு தாங்காது. நல்ல கொல்லன் கம்பியை வளைக்கும்போதே, நார் வளையத்தைச் சுற்றி ஓடும்படி பார்த்துக்கொள்வான். அறியாமல் அதன்மேல் மின்பற்றவைப்பு செய்தால் கசடு இழைகள் வழியே அடுக்கு பிரிய வாய்ப்புண்டு. மேலே ஒட்டு பளிச்சென்று இருக்கும், உள்ளே பிடிப்பு இருக்காது. இரண்டு நிமிடம் கம்பித்தூரிகையால் தேய்த்துப் பார்த்திருந்தால் தெரிந்திருக்கும்.

வார்ப்பிரும்பின் ஆபத்து வேறு மாதிரி. சில துறைமுகங்களில் போரில் ஓய்வுபெற்ற பீரங்கிகளையே தலைகீழாகப் புதைத்துக் கட்டுத்தூணாக்கினார்கள். அந்த வடிவத்தைப் பார்த்தே பிறகு போலார்டுகளை வார்த்தார்கள் என்பார்கள். மர அச்சுருவை மணலில் அழுத்தி எடுத்து, அந்தக் குழிவில் உருகிய இரும்பை ஊற்றுவது அந்த வேலை. இரும்பு ஆறும்போது நீளத்தில் ஏறத்தாழ நூற்றில் ஒரு பங்கு சுருங்கும். அதனால் அச்சுருத் தச்சர்கள் அந்த அளவு கூட்டிக் கோடு போட்ட தனி அளவுகோல் வைத்திருந்தார்கள். மணலிலிருந்து உருவை உடையாமல் தூக்க வேண்டுமே, அதற்காகப் பக்கங்களைக் கொஞ்சம் சரிவாக்கினார்கள். ஒரு பழைய போலார்டின் உடல் மேல்நோக்கிச் சிறுத்தோ பெருத்தோ போவதற்கு அழகு மட்டும் காரணமில்லை.

இந்த வார்ப்பிரும்பு கடல்நீரிலோ ஈரமண்ணிலோ நெடுநாள் கிடந்தால், இரும்பு கரைந்து போய்விட, கார்பன் மட்டும் பழைய வடிவத்திலேயே நிற்கும். வெளியே பார்த்தால் கருமை மாறாமல் முழுசாக இருக்கும். கத்தியால் கீறினால் பென்சில் கரியாகச் சீவ வரும். அதன்மேல் நீங்கள் பெயின்ட் பூசினால், அடுத்த ஆய்வாளருக்கு அது நல்ல போலார்டு. கயிறு கட்டுகிறவருக்கும் அப்படித்தான். வார்ப்பிரும்பு வளைந்து எச்சரிக்கை கொடுக்கும் ரகமும் அல்ல. உடையும்போது சட்டென்று உடையும். இழுபட்ட கயிறு திரும்பி அடித்தால் என்னாகும் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

வெண்கலத்துக்கும் இதே பேச்சுதான், சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். வெள்ளீயம் கலந்த நல்ல வெண்கலம் கடலில் தலைமுறைகள் நிற்கும். பித்தளையிலிருந்து துத்தநாகம் கழன்று, இளஞ்சிவப்பான பஞ்சுபோன்ற செம்பு மிஞ்சும். வெண்கலக் கிளீட்டை இரும்பு போல்ட்டால் முடுக்கினால் கடல்நீர் அந்த போல்ட்டைத்தான் முதலில் தின்னும். இது புதுக் கண்டுபிடிப்பு அல்ல. 1761இல் பிரிட்டிஷ் கடற்படையின் அலார்ம் கப்பலுக்குச் செம்புத் தகடு போர்த்தினார்கள். 1763இல் பார்த்தபோது, செம்பைத் தொட்டிருந்த இரும்பு ஆணிகள் அரித்துப் போயிருந்தன. அதையே இன்றைய படகுத்துறைகளிலும் பார்க்க முடிகிறது என்றால் பாடம் யாரிடமும் போய்ச் சேரவில்லை என்றுதானே அர்த்தம்? துருப்பிடிக்காத எஃகைப் போட்டால் கவலை தீர்ந்தது என்று சிலர் நினைக்கிறார்கள். மரத்துக்குள்ளே, காற்றுப்படாத ஈரத்தில், அதன் போல்ட்டும் மறைவாக அரிக்கும். வெளித்தலை மட்டும் பளபளக்கும்.

மரக் கிளீட்டுகளை மறந்துவிடக் கூடாது. ஓக்கோ, தேக்கோ, தண்ணீரில் மூழ்கும் அளவுக்குக் கனமான லிக்னம் வைட்டேயோ, எதில் செதுக்கினாலும் மரத்தின் ஓட்டம் இரண்டு கொம்புகளின் நீளத்தோடு போக வேண்டும். குறுக்கே போனால் கொம்பு முறியும். பொருத்தும்போதும் கயிறு வரும் திசைக்குச் சற்றே சாய்வாக, ஒரு 15 டிகிரி போலத் திருப்பி வைப்பார்கள், சுற்று ஒன்றன்மேல் ஒன்று ஏறி இறுகாமல் இருக்க. பழைய தளப்பலகையில் கிளீட் கோணலாக இருக்கிறதே என்று நேராக்கி விடுகிற மறுசீரமைப்பு வேலைகளைப் பார்த்தால் எனக்குச் சிரிப்பும் வருகிறது, கோபமும் வருகிறது.

நான் ஆலைச் சரக்குக்கு எதிரி இல்லை. கணக்கிட்ட சுமைக்குச் சோதித்த புதிய போலார்டில்தான் இன்றைய கப்பலைக் கட்ட வேண்டும். 19ஆம் நூற்றாண்டு வளையத்தில் இன்றைய படகைக் கட்டச் சொல்கிறவன் பொறுப்பில்லாதவன். சங்கிலிக்கு இப்போது தெளிவான கணக்கும் இருக்கிறது: சராசரி விட்டம் நூற்றுக்கு 12 பங்கு தேய்ந்துவிட்டால் மாற்றிவிட வேண்டும் என்று கப்பல் தரச்சான்று விதிகள் சொல்கின்றன. மாற்றுங்கள். மாற்றியதை என்ன செய்கிறீர்கள் என்பதுதான் என் கேள்வி.

தேய்மானமும் ஒரு பதிவுதான். ஒரு வளையத்தின் உட்புறம் ஒரே பக்கம் தேய்ந்திருந்தால் இழுவை பெரும்பாலும் எந்தப் பக்கமிருந்து வந்தது என்று தெரியும். காற்றும் நீரோட்டமும் படகை எந்தப் பக்கம் தள்ளின என்று அதிலிருந்து யூகிக்கலாம். சுவரின் கல்விளிம்பில் கயிறு அறுத்த பள்ளங்கள், போலார்டின் கழுத்தில் மெருகேறிய பட்டை, இவை எல்லாம் சேர்ந்து அந்தத் துறையில் எந்த அளவுப் படகுகள் எப்படி நின்றன என்று காட்டும். வளையத்தைக் கழற்றி மேசைக்குக் கொண்டுபோன நிமிடத்தில் இந்தச் செய்தியில் பாதி போய்விடுகிறது. எந்தத் திசையைப் பார்த்து இருந்தது என்று யாரும் குறிக்கவில்லையே. ஆகவே கழற்றும் முன் அந்த இடத்திலேயே படம் எடுங்கள். மேல்பக்கம் எது, கடல்பக்கம் எது என்று சாக்பீஸால் குறித்துவிட்டுப் படம் எடுத்தாலே போதும்.

தண்ணீருக்கு அடியிலிருந்து எடுத்ததாக இருந்தால் இன்னொரு வேண்டுகோள். வெயிலில் காயப் போடாதீர்கள். இரும்புக்குள் ஊறிய உப்பு, காய்ந்ததும் உள்ளிருந்து வேலையைத் தொடங்கிவிடும். சில மாதங்களில் முத்திரை இருந்த மேல்தோல் பொருக்காக உரிந்து கீழே கிடக்கும். காரக் கரைசலில் மூழ்க வைத்து உப்பை மெல்ல வெளியேற்றுவதுதான் முறை. அது மாதக்கணக்கில், பெரிய பொருளென்றால் வருடக்கணக்கில் ஆகும். அந்த அளவுக்கு இடமும் ஆளும் இல்லை என்றால், நன்றாகப் படமெடுத்து அளந்துவிட்டு, முடிந்தால் கிடந்த இடத்திலேயே விட்டுவிடுவது நல்லது. எல்லாவற்றையும் காப்பாற்ற முடியாது. நூறு வளையங்களைச் சேர்த்துக் கொட்டகையில் துருப்பிடிக்க விடுவதைவிட, விவரம் தெரிந்த மூன்றை வைத்துக்கொண்டு மற்றவற்றை உருக்க அனுப்புவது மேல் என்பேன். என் நண்பர்கள் சிலருக்கு இது பிடிக்காது.

கருவிகளையும் சேர்த்து வாங்குங்கள். மூடப்படும் பட்டறையிலிருந்து அருங்காட்சியகம் பெரும்பாலும் அடைகல்லையும் துருத்தியையும் மட்டும் எடுத்துவருகிறது, பார்க்க நன்றாக இருப்பதால். கண்ணியின் அளவுக்கென்று செய்த குறடு, வளைக்கும் அச்சு, ஒட்டைச் சுத்தம் செய்யும் சின்ன உளி, சுவரில் கரியால் எழுதிய அளவுப் பட்டியல் எல்லாம் குப்பைக்குப் போகின்றன. தொழில் இருந்தது அவற்றில்தான். வேலை தெரிந்தவர் இன்னும் உயிரோடு இருந்தால் அவர் செய்வதைப் படம்பிடியுங்கள். பேட்டி எடுத்தால் மட்டும் போதாது. கை எந்த நொடியில் உலையை விட்டு வெளியே வருகிறது என்பதை அவராலேயே வாயால் சொல்ல முடியாது.

இதற்கெல்லாம் பெரிய திட்டமோ நிதியோ தேவையில்லை. கழிவு இரும்புப் பட்டியலில் எடைக்குப் பக்கத்தில் இன்னும் சில கட்டங்கள் போட்டால் தொடங்கிவிடலாம். அடித்ததா, வார்த்ததா, செதுக்கியதா? எந்த உலோகம் அல்லது மரம்? ஒட்டு கண்ணியின் முனையில் இருக்கிறதா, பக்கத்திலா? முத்திரை இருக்கிறதா, இருந்தால் படம் எங்கே? எந்தப் பக்கம் தேய்ந்திருக்கிறது? எங்கிருந்து கழற்றியது, எந்தத் திசையைப் பார்த்து இருந்தது? கழற்றுகிற தொழிலாளியே நிரப்பக்கூடிய அரைப்பக்கப் படிவம் இது. பொருளை முதலில் கையில் எடுப்பவர் அவர்தான் என்பதால், அவரே நிரப்புவதுதான் சரியும்கூட. நிரப்பிய படிவத்தின் ஒரு நகல் துறைமுகக் கோப்பிலும், இன்னொன்று பக்கத்து அருங்காட்சியகத்திலும் இருக்கட்டும். அடுத்த ஏலத்துக்குப் பட்டியல் தயாராகும் முன் இந்தக் கட்டங்களைச் சேர்த்துவிடுங்கள்.

இப்படிக்கு,
உலையடியில் வேலை பழகிய ஒருவன்